பதினாறு பெரிதா, பதினாலு பெரிதா

நீடாமங்கலம்,
ஐப்பசி 9.

அன்பு மகள் செம்மொழிக்கு,

அப்பா ஆசியுடன் எழுதுவது. நாங்கள் நலம். அங்கே நீயும் மழையில் நனையாமல் ஆஸ்பத்திரிக்குப் போய்வருவாய் என்று நம்புகிறேன். அயர்லாந்துக்குப் போனிலேயே பேசலாமே, கடிதம் எதற்கு என்று கேட்பாய். காரணம் கடைசியில் வரும்.

குறுவை அறுத்துவிட்டோம். தாளடிக்கு நாற்று விட்டிருக்கிறது. வெண்ணாற்றில் தண்ணீர் கரை தொட்டுப் போகிறது. காலையில் பாலத்தில் நின்று பார்த்தால், ஆறு நிற்கிறது, நாம்தான் போய்க்கொண்டிருக்கிறோம் என்று தோன்றுகிறது.

இனி டோனல் விஷயம். அவரைக் கல்யாணம் செய்துகொள்ள விரும்புவதாக நீ வைகாசியில் சொன்னதிலிருந்து அம்மா உன்னோடு பேசவில்லை. என்னோடு பேசினாள், அதுவும் இப்படி: "ஆட்டமெல்லாம் ஆடி முடிச்ச ஆளு. இப்ப மைதானத்துக்கு வெளியில நின்னு கத்துறாரு. அதுக்கும் சம்பளம் கிடையாதாம். உங்க பொண்ணு நல்லாத் தேடிப் பிடிச்சிருக்கா!" பிழைப்புக்கு டிராக்டர் மெக்கானிக் வேலை இருக்கிறது என்றேன். அது அவள் காதில் ஏறவில்லை.

நீ அனுப்பிய பழைய வீடியோக்களை நான் திரும்பத் திரும்பப் பார்த்தேன். அந்த ஊர் ஹர்லிங் ஆட்டத்தில், மட்டையின் நுனியில் பந்தை நிறுத்திக்கொண்டு அவர் ஓடுவது, நிறைகுடத்தோடு வரப்பில் போவது போல இருக்கிறது. முழங்கால் போனபின் அதே ஊர் அணிக்கு மேனேஜர். அப்புறம் இரண்டு வருடமும் இறுதி ஆட்டத்தில் தோல்வி. அந்தத் தைரியத்தில்தான் உன் அம்மா சொன்னாள்: "இந்த வருஷம் ஜெயிக்கட்டும். நானே சரிங்கிறேன்."

ஞாயிறு மாலை இந்த வருட இறுதி ஆட்டத்தைப் பார்க்கப் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அம்மா தூரத்தில் துணி மடித்தாள். மடித்ததையே மறுபடி மடித்தாள். பிறகு பக்கத்தில் வந்துவிட்டாள். "மழையில குடைகூட இல்லாம நிக்கிறாரே, அவரா?" என்றாள். ஆட்டம் முடிகிற நேரத்தில் படம் நின்று சுற்றத் தொடங்கியது. கடைசியாகத் தெரிந்தது, நம் பக்கம் 0-16, அவர்கள் பக்கம் 1-14. படம் திரும்பியபோது டோனல் ஒவ்வொரு ஆட்டக்காரராகத் தோளைப் பிடித்துத் தூக்கிக்கொண்டிருந்தார். "ஜெயிச்சிட்டு எப்படி அடக்கமா நிக்கிறாரு பாருங்க! நம்ம பசங்கன்னா இந்நேரம் வெடி போட்டிருப்பானுங்க" என்றாள். எழுந்து போனாள். புது அரிசியை முறத்தில் கொட்டி, மஞ்சள் போட்டுப் பிசைந்தாள். பக்கத்து வீட்டு மலர்க்கொடியிடம், "எங்க மாப்பிள்ளை கப்பு வாங்கிட்டாரு" என்று சொல்லிவிட்டாள்.

அன்று ஒரு கனவு. நம் வயலுக்கு மேலே பந்து எழும்பிப் போகிறது. கொக்குகள் அதைத் தங்களில் ஒன்று என்று நினைத்துக் கூடவே பறக்கின்றன. வாய்க்கால் கரையில் டோனல் அண்ணாந்து நிற்கிறார். "வந்துரும் மாமா" என்கிறார், தமிழில்.

விடிந்ததும் உன் செய்தி: "அப்பா, தோத்துட்டோம்." கணக்கு வாத்தியாருக்கு வந்த சோதனை! பதினாறு எப்படிப் பதினாலிடம் தோற்கும்? தேடிப் படித்தேன். முன்னால் இருக்கும் எண் கோல், பின்னால் இருப்பது புள்ளியாம். ஒரு கோலுக்கு மூன்று புள்ளி. ஆக அவர்கள் பதினேழு. ஒரு புள்ளியில் போயிருக்கிறது.

அம்மாவிடம் மெல்லச் சொன்னேன். முறத்து அரிசியைக் கையால் தள்ளிப் பரப்பினாள். பிறகு, "அப்ப நேத்து தோத்துட்டா அப்படி நின்னாரு?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். வாய்க்காலில் கடைமடைவரை தண்ணீர் போய்ச் சேர்ந்ததா என்று பார்த்துவிட்டுக் கடைசியில் வீடு திரும்புகிற ஆள் இருக்கிறார் இல்லையா, மேனேஜர் என்பவர் அப்படித்தான் என்றேன். "பாடம் நடத்தாதீங்க" என்றாள். "மஞ்சள் போட்ட அரிசியைத் திரும்ப மூட்டையில கொட்ட முடியுமா? கலந்தது கலந்ததுதான்."

சரி என்று போனில் சொன்னால் அம்மா அழுதுவிடுவாளாம். அதனால்தான் இந்தக் கடிதம். அடுத்த வாரம் உன் ஊருக்குத் திரும்புகிற கவிப்ரியாவிடம் கொடுத்தனுப்புகிறேன். உள்ளே காகிதத்தில் மடித்திருப்பது அந்த அரிசியில் ஒரு சிட்டிகை. தலையில் போட்டுக்கொள்ள அல்ல, பார்ப்பதற்கு. தலையில் போட வேண்டியவர்கள் நாங்கள். மீதியை அம்மா டப்பாவில் போட்டு மூடி வைத்திருக்கிறாள். வண்டு விழுந்துவிடுமோ என்று தினமும் திறந்து பார்க்கிறாள்.

தை அறுப்புக்கு இருவரும் வந்துவிடுங்கள்.

என்றும் உன் நலம் நாடும்,
அப்பா
ரெத்தினம்