பச்சை விளக்கு எரியும் மத்தியானங்கள்

ஜூன் 4
பல் மருத்துவமனை வரவேற்பு மேசையில் உட்கார்ந்தபடியே அம்மாவைப் பார்த்தேன். கணினியில் முன்பதிவுப் பக்கத்துக்கு அடுத்து இன்னொரு பக்கம். முகவரியைத் தட்டினால் அம்மா வீட்டுக் கூடம். யாராவது திறந்து பார்த்தால் அங்கே கேமராவில் சின்னப் பச்சை விளக்கு எரியும். உடனே அம்மா கையாட்டுவாள். காலையில் கூட்டம் சேரும்வரை பார்ப்பேன், அவ்வளவுதான். தனியாக இருக்கிறவளுக்கு இதாவது செய்கிறேனே.

ஜூன் 7
போனில் அம்மா: "மத்தியானமும் நீ வந்து பாக்குறது எவ்ளோ தெம்பா இருக்கு தெரியுமா? சாப்பிட்டுக்கிட்டே எல்லாத்தையும் உங்கிட்ட சொல்லிடுறேன்."
நான் மத்தியானம் பார்ப்பதே இல்லை. அண்ணனாக இருக்கும். மகாராஜாவுக்குத் திடீரென்று பாசம் பொங்குகிறது!

ஜூன் 8
அண்ணனிடம் கேட்டேன். "நானா? மாட்டின அன்னிக்குப் பாத்ததோட சரி."
அப்ப யாரு?

ஜூன் 9
பாஸ்வேர்டு. கேமராப் பெட்டியோடு வந்ததையே விட்டுவைத்திருந்தேன் — மாற்றினால் அண்ணன் மறந்துவிட்டு என் உயிரை வாங்குவான் என்று. முகவரி கிடைத்த எவனும் உள்ளே வரலாம். மாற்றிவிட்டேன். அம்மாவிடம் எப்படிச் சொல்வது?

ஜூன் 12
போனில் அம்மா: "ஏண்டி, இப்பல்லாம் மத்தியானம் வர்றதில்ல? கோவமா?"
வேலை அதிகம் என்றேன். பிறகு போகிறபோக்கில் சொன்னாள்: "பின்கதவுப் பூட்டு சரியில்லன்னு ஒரு மத்தியானம் உங்கிட்ட சொன்னேன்ல, நீ அனுப்பின ஆள் போன வாரமே வந்து புதுசு மாட்டிட்டாரு. வழிகூடக் கேக்கல. நல்ல மனுஷன். இன்னொரு சாவிய உங்கிட்ட குடுக்கச் சொன்னேனே, தரலையா?"
நான் யாரையும் அனுப்பவில்லை. ஐயோ, நான் யாரையும் அனுப்பவே இல்லை.
ஓடிப்போய் அம்மாவை அழைத்து வந்துவிட்டேன். என்னோடு நாலு நாள் இரு என்றுதான் சொன்னேன். சந்தோஷமாகக் கிளம்பினாள்.

ஜூன் 15
கேமராவைக் கழற்றியாயிற்று. அண்ணன் புகார் கொடுத்திருக்கிறான். அந்த ஆளின் அடையாளம் கேட்க நாளை போலீஸ் வருகிறது. இன்று அம்மாவிடம் சொல்லியே ஆக வேண்டும். மத்தியானம் எதிரில் போய் உட்கார்ந்தேன். வாயைத் திறப்பதற்குள் அவளே ஆரம்பித்தாள்.
"உங்கப்பாவ நெனச்சு ஒருநாள் அழுதேன்ல. அப்ப நீ அந்த விளக்க அணைச்சு அணைச்சு ஏத்தின. பேச முடியலன்னாலும் 'நான் இருக்கேன்'னு புள்ள சொல்லுதுன்னு புரிஞ்சுது. மனசு ஆறிப்போச்சுடி."
என் கையைப் பிடித்துக்கொண்டாள்.
"ஆமாம்மா" என்றேன்.