இரண்டாவது கசெற்

உடுப்பிட்டி
மாசி மாதம்

கோபிசங்கர் அறிவது,

நாங்கள் இருக்கிறோம். நீர் நல்ல சுகம் என்று தெரியும். என் மகள் கீர்த்திகா கைபேசியில் உமது படத்தைக் காட்டினாள். கோட்டும் சூட்டுமாய் எடுப்பாய்த்தான் இருக்கிறீர்.

அம்மாவுக்குச் சீனி வியாதி கூடிவிட்டது. பருத்தித்துறை ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாய் அலைகிறோம். இந்த முறை வெங்காயமும் மழையில் அழுகிப்போனது.

இனி விஷயத்துக்கு வருகிறேன். பழைய விண்வெளிப் படங்களைத் தேடிச் சேர்த்து இணையத்தில் பாதுகாக்கும் இரசிகர்கள், செவ்வாய்க்குப் போனவர்கள் திரும்பி வராத அந்த இங்கிலிஷ் படத்தைத் தமிழ்க் குரலோடு ஏற்றியிருக்கிறார்கள். கீர்த்திகா அதைப் போட்டதும் அம்மா கட்டிலில் எழும்பி இருந்து, உது என்ரை செந்தூரன்ரை குரலெல்லே என்றா. பிறகு வாசல் படலையைப் பார்த்தா. காணாமல் போன பிள்ளை வந்துவிட்டான் என்று நினைத்துவிட்டா. படத்துக்குக் கீழே, குரல் கொடுத்தவர் என்று உமது பெயர் கிடந்தது. என் வயிறு பற்றி எரிந்தது, கோபி. இன்னும் எரிகிறது.

மின்சாரம் இல்லாத காலத்தில் சனம் வீட்டுக்கொரு போத்தல் மண்ணெண்ணெய் கொண்டுவந்து, ஜெனரேற்றரை ஓட்டித்தான் படம் பார்த்தது. இங்கிலிஷ் விளங்காதவர்களுக்காக செந்தூரன் அண்ணை மைக்கைப் பிடித்துக் கதை சொன்னார். விண்கப்பல் தலைவனைப் பருத்தித்துறைப் பாய்க்கப்பல் ஓட்டும் தண்டையல் மாதிரிக் கதைக்கவைத்தார். நீர் கனடாவுக்குப் போகும்போது, பிரதி எடுத்து அனுப்புறன் மாமி என்று சொல்லி, அந்தக் குரல் பதிந்த கசெற்றை அம்மாவிடம் வாங்கிப் போனீர். பிரதி இன்னும் வரவில்லை.

குரல் என்னுடையது, படத்தின் மிச்சப் பாதிக்குப் பேசினது யுத்தத்தில் அழிந்தது என்று அந்த இரசிகர்களுக்கு எழுதி, முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்திருக்கிறீர். அண்ணை பதிந்தது இரண்டு கசெற், பாதிப் படத்துக்கு ஒன்றாய். அவசரத்தில் நீர் ஒன்றைத்தான் கொண்டுபோனீர். மற்றது இடம்பெயர்ந்த இடமெல்லாம் அம்மாவின் சீலை மடிப்புக்குள் வந்தது; போட்டுக் கேட்கத்தான் எங்களிடம் ஒரு ரேப் ரெக்கோடர் இல்லை. கீர்த்திகா அதை அவர்களுக்கு அனுப்பிவிட்டாள். இரண்டிலும் ஒரே குரல்தான் என்று அவர்களே ஒத்துப்பார்த்துச் சொன்னார்கள். ரொறன்ரோவில் சங்கத்துக்காரர் அந்தக் குரலுக்காக உமக்குப் பொன்னாடை போர்த்தும் விழாவில் ஓடப்போவது அந்த முழுப்படம்தான். உமக்கு அறிவிக்கவேண்டாம் என்று அந்த இரசிகர்களைக் கேட்டுக்கொண்டேன். அந்தச் சந்தோஷத்தை இன்னொருவருக்கு விட்டுக்கொடுக்க எனக்கு மனமில்லை.

அண்ணையின் வழக்கத்தை மறந்திருப்பீர். படம் முடிந்ததும், மண்ணெண்ணெய் தந்த வீட்டுக்காரருக்கெல்லாம் பெயர் சொல்லி நன்றி சொல்லுவார். இந்த இரண்டாவது கசெற்றின் முடிவிலும் சொல்கிறார். பொன்னம்பலம் வீடு, முத்துக்குமாரு வீடு, சுவர்ணா ரீச்சர் வீடு. பிறகு, இவ்வளவு நேரமும் கதை சொன்னது செந்தூரன் என்கிறார். கடைசியாக, தேத்தண்ணி ஊத்தித் தந்த தம்பி கோபிசங்கருக்கும் நன்றி என்கிறார். சனம் சிரித்துக் கைதட்டுவதும் கேட்கிறது.

காய்ச்சல் என்று வீட்டில் படுத்தாலும் படம் ஓடும். ஆனபடியால் போய் முன்வரிசையில் இரும்.

கடவுள் உமக்கு நீண்ட ஆயுளையும் பழுதில்லாத காதையும் தரட்டும். இத்தனை வருஷமும் அம்மா கேட்க ஏங்கிய குரலை, நீர் சாகுமட்டும் கேட்டுக்கொண்டிருக்க வேணும்.

இப்படிக்கு,
செந்தூரனின் தங்கை
உதயகலா