ஜோர்ஜ் அங்கிளின் விறகுப் புகை

திங்கள், 11 ஜூலை 2011

குளிர். இந்த நாட்டில் ஜூலைதான் குளிர்காலம். மேகம். காற்றே இல்லை. காற்றில்லாத நாள்தான் மோசம். பக்கத்து வீட்டு ஜோர்ஜ் அங்கிளின் விறகு ஹீட்டர் புகை அப்படியே இறங்கி எங்கள் படுக்கையறைக்குள் வந்துவிடுகிறது. ஜன்னல் இடுக்கில் துவாய் வைத்தும் பயனில்லை. என் மனைவி மலருக்கு விடியவே இழுப்பு.

வாங்க: பால், உழுந்து, மலரின் இழுப்புக்கு நீலப் பம்ப் (இரண்டு).

மலரைக் காட்டக் கூட்டிப்போனேன். மருந்தைக் கூட்டிக்கொண்டே போக முடியாது, புகை நிற்க வேண்டும் என்றார் டொக்டர். அங்கே தலையாட்டினவள், காருக்குள் ஏறியதும், "அங்கிளிட்ட ஒண்டும் கதைக்காதேங்கோ. தனிச்ச மனிசன், பாவம், குளிராதே?"

தன் மனைவி இறந்தபிறகு அங்கிள் தனிதான். வேலிக்கு மேலால் எலுமிச்சம்பழம் தருகிறவர். எங்கள் குப்பைத்தொட்டியையும் சேர்த்துத் தெருவுக்கு இழுத்து வைக்கிறவர். எப்படிச் சொல்வது?

புதன், 13

வேலைக்குப் போகுமுன் கராஜுக்குள் நின்று நகரசபைக் கவுன்சிலுக்குப் போன் அடித்தேன். மலருக்குத் தெரியாது. அயலவனைப் பற்றி அரசாங்கத்துக்குச் சொன்னால் என்ன நடக்கும் என்பதை ஊரில் பார்த்து வந்தவன் நான்.  "அவரைப் பிடித்துக்கொண்டு போவீர்களா?" என்று கேட்டே விட்டேன்.

மறுமுனையில் ஒரு பெண். சிரிக்கவில்லை, நல்லவள். புகை அயலவரின் உடம்பைக் கெடுத்தால் அதை நிறுத்தச் சட்டம் இருக்கிறதாம். ஆள் வந்து பார்க்கும், முதலில் சரியாக எரிக்கச் சொல்லிக்கொடுக்கும், என் பெயர் வெளியே வராது.

போனை வைத்த பிறகும் கள்ளன் மாதிரித்தான் இருந்தது. 

செவ்வாய், 19

எனக்கு ஓய்வு நாள். கவுன்சிலிலிருந்து வந்துவிட்டார்கள்! ஒரு பெண் அதிகாரி, தெருவில் நின்று அங்கிளின் புகைபோக்கியை அண்ணாந்து பார்க்கிறார். நான் திரைச்சீலைக்குப் பின்னால்.

மலர் கண்டுவிட்டாள். இரவு உடுப்பு, மேலே என் ஜக்கெட், காலில் செருப்பில்லை. ஓடினாள். "நோ ஸ்மோக்! வெரி குட் மேன்! நோ ஸ்மோக்..." அதற்கு மேல் இருமல். கடிதப் பெட்டியைப் பிடித்துக்கொண்டு குனிந்துவிட்டாள். தலைக்கு மேலே புகை சாவகாசமாகப் போய்க்கொண்டிருந்தது. இப்படி ஒரு சாட்சியை அந்த அதிகாரி கண்டிருக்க மாட்டார்.

பம்ப்போடு ஓடினேன். அதற்குள் அங்கிளும் வெளியே. மலரைப் பார்த்தார், புகைபோக்கியைப் பார்த்தார். "இது என்னாலேயா?" என்று மெதுவாகக் கேட்டார்.  உள்ளே போய் நெருப்பை அணைத்தார்.

எனக்கு அழுகை வந்தது. இரண்டு பேருக்காகவும்.

வியாழன், 21

காரணம் தெரிந்தது. ஈர விறகு. போதாததற்கு, காற்றுத் துவாரத்தை மூடி, விடியும்வரை புகைய விட்டிருக்கிறார். இனி அப்படி விடக்கூடாது என்று விளக்கிவிட்டுப் போனாராம் அதிகாரி. தண்டம் இல்லை. காய்ந்த விறகு வர அடுத்த கிழமையாகும். அதுவரை நெருப்பே மூட்ட மாட்டேன் என்கிறார் அங்கிள்.

மலர் விடுவாளா? பின்னேரம் போய்க் கையோடு கூட்டி வந்துவிட்டாள். எங்கள் காஸ் ஹீட்டருக்குப் பக்கத்தில், நல்ல கதிரையில் அங்கிள். எனக்கு ஸ்டூல்.

காரின் பின் டயரில் காற்றுக் குறைவு. பார்க்க வேண்டும்.

சனி, 23

வெயில், ஆனாலும் குளிர். இரவுச் சாப்பாடு இடியப்பம், சொதி. அங்கிள் கரண்டியால் சாப்பிட்டார். சாப்பிட்டு முடித்துவிட்டுக் கேட்டார், கவுன்சிலுக்குச் சொன்னது யார் என்று.

 சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"மீ," என்றாள் மலர்.

அங்கிள் அவள் பக்கம் திரும்பினார். என்னிடமே வந்து சொல்லியிருக்கலாமே பிள்ளை என்றார். பிறகு இன்னும் இரண்டு இடியப்பம் கேட்டார்.

எடுக்கப் போன என்னைக் குசினிக்குள் வைத்து மலர் பிடித்துக்கொண்டாள். "நீங்கள் கராஜுக்குள்ள கதைச்சது ரோட்டு வரைக்கும் கேட்டது, எனக்குக் கேக்காதோ, கட்டின பெண்சாதிக்கு ஒரு சொல் சொல்லாமல் கவுன்சிலுக்கு அடிப்பியளோ, அந்த மனிசன்ர முகத்தில நான் எப்பிடி முழிக்கிறது, இதில திரைச்சீலைக்குப் பின்னால வேற போய் ஒளிச்சு நிண்டனீங்கள், உங்களைக் கட்டின நாள் தொடக்கம்..."

ஒரே மூச்சு. இடையில் ஒரு இருமல் இல்லை. ஏசட்டும்.