கொடிமரத்தை நோக்கிக் குழலைத் தாழ்த்துக

மழை பொய்க்காத குன்றவாயில் நாட்டை அறங்காத்து ஆளும் மாமன்னர் நெடுவேளாரின் திருவடி தொழுது, அவர்தம் அமைச்சன் மருதவாணன், முகடூர்க் கோட்டைத் தலைவர் ஏனாதி கடுங்கோனார்க்கு விடுக்கும் ஓலை. தங்கள் கோட்டையும் குடிகளும் காவலரும் இறையருளால் நலம் பெறுக.

இவ்வோலையில் எழுத்தாணிக் கீறல் மட்டுமே உண்டு. மை தடவப் பொழுதில்லை. வெயிலில் சாய்த்துப் பிடித்துப் படிக்க. படித்து முடியும்வரை எயினியின் கைமேல் எவரும் கத்தி வைக்கலாகாது.

தொலைநோக்குக் குழல் கொண்டு வான் காண்பார்க்கு வழிகாட்ட எயினி எட்டாண்டு உழைத்து வரைந்த நூலின் படி ஒன்று தங்கள் கோட்டைக்குச் சோதனைக்கு வந்தது. நிலவில்லா இரவில் சோதிக்கும் மரபுப்படியே தாங்கள் சோதித்தீர். பெருமீனுக்குக் கீழே ஏடு காட்டிய சிறுமீன்கள் குழலில் மேலே நின்றன; இடப்புறம் காட்டியவை வலப்புறம் நின்றன. பொய் விண்ணூல் எழுதியவரின் வலக்கைக் கட்டைவிரலைக் கொய்க என்பது சட்டம். இன்று பொழுது சாயும் வேளையைத் தாங்கள் குறித்தீர். கண்டதையே வரைந்ததாக எயினி மன்றாடினாள். ஆயினும் குற்றஞ்சாட்டப்பட்டவர் குழலையும் ஏட்டையும் தொடலாகாது என்பதால் அவளிடம் எதுவும் காட்டப்படவில்லை. தாங்கள் சட்டத்தை மீறவில்லை. அதனாலேயே யாம் அஞ்சுகிறோம்.

இன்று காலை, பாதம் வெடித்துக் குருதி ஒழுக, இரண்டு காதம் தனியே நடந்து ஒரு பெண் அரண்மனை வாயிலில் வந்து விழுந்தாள். அவள் தங்கள் கோட்டைச் சிறைக்காவல் கொற்றி. அவள் கூறியதை மாற்றாமல் இங்கே பொறிக்கிறோம்.

“ரெண்டு நாளா பச்சத்தண்ணி கூடக் குடிக்காம கெடந்தா, சாமி. விரலு போகப் போறவளுக்குச் சோறு எதுக்குன்னா. விரலு இருக்கும்போதே பெசஞ்சு தின்னுடி, நாளைக்கு நான்ல ஊட்டணும்னேன். சிரிச்சுட்டா. சிரிச்சதும் எனக்கும் வாய் நிக்கல.”

எவரிடமும் சொல்லாதிருந்த ஒன்றைக் கொற்றி அப்போது எயினியிடம் சொன்னாளாம். காலைதோறும் குழலைத் துடைப்பது அவள் வேலை. விண்ணுக்கென்று வைத்த குழலை மண்ணை நோக்கித் தாழ்த்துவது குற்றம் என்று அறிந்தும், ஒருநாள் ஆசை தாளாமல் தாழ்த்திக் கண்ணை வைத்தாள். முற்றத்துக் கொடிமரம் அடி மேலாகவும் கொடி கீழாகவும் தலைகீழாய் நின்றது. சாமி குத்தம் ஆயிற்றென்று அஞ்சி, அன்று முதல் குழலில் கண் வைப்பதையே விட்டாள்.

அது குழலின் இயல்பு என்றும், அதனால்தான் தான் எல்லாவற்றையும் தலைகீழாகவே வரைந்ததாகவும் எயினி விளக்கினாள். கொற்றி திகைத்தாள். சோதனையன்று ஏட்டுக்கு விளக்குப் பிடித்தவள் அவளே. “இல்லடி! ஏட்டுல நெலா, நான் முத்தத்துல நின்னு பாக்குற மாதிரியேல்ல இருந்துச்சு” என்றாள். எயினியின் கைச்சோறு கையிலேயே நின்றது. யாரோ திருப்பி வரைந்துவிட்டார்கள் என்றாள். கொற்றி சிறைக்கதவைப் பூட்டினாள், சாவியை அடுத்த காவலிடம் கொடுத்தாள், நடந்தாள். எயினியின் விரலைத் தவிர வேறெதுவும் அவள் நினைவில் இல்லை.

யாம் அரண்மனையில் இருந்த எயினியின் மூல ஏட்டை எடுப்பித்தோம். படங்கள் யாவும் தலைகீழ். படி எடுத்த சாத்தன் என்பான் அழைக்கப்பட்டு, அழுது உண்மை உரைத்தான். நிலவின் படத்தை வானத்து நிலவோடு ஒத்துப் பார்த்தானாம். பாவம், அந்த அம்மை ஏட்டைத் தலைமாற்றிப் பிடித்து வரைந்துவிட்டாள்; சொன்னால் நாணுவாள் என்று எண்ணி, சொல்லாமலே எல்லாப் படத்தையும் நேராக்கினானாம். அன்பு செய்யப் போனவன், அவளை ஒரு சொல் கேட்டிருந்தால் போதும். தன் விரலைக் கொள்ளுமாறு வேண்டினான். மன்னர் மறுத்து, இனி அவன் எடுக்கும் ஒவ்வொரு படியின் முதலேட்டிலும், குழலில் தெரிந்தவாறே படங்கள் வரையப்பட்டன, எவரும் திருத்தற்க என்று பொறிக்கப் பணித்தார்.

ஆகவே மன்னர் ஆணை: பகலொளி உள்ளபோதே தாங்களே குழலைக் கொடிமரத்தை நோக்கித் தாழ்த்துக. குற்றமாயின் அது இம்முறை மன்னரைச் சேரும். கண்ணால் கண்டபின், தங்களிடமுள்ள ஏட்டைத் தலைகீழாகத் திருப்பி, சோதனையில் கண்டதோடு ஒப்பிடுக. ஒத்தால், எயினியின் கட்டைத் தங்கள் கையாலேயே அவிழ்க்க.

காவலை விட்டு ஓடினாள் என்று கொற்றியின் பெயர் காவல் பதிவேட்டில் ஏறியிருக்கும். அரசர் ஏவலால் சென்றாள் என்று திருத்துக. ஏவல் அவள் புறப்பட்ட பின் பிறந்ததாயினும் ஏவலே.

அறம் நிற்க, ஆணை செல்க. யாளி முத்திரை இடப்பட்டது.

முத்திரைக்குப் பின் மன்னர் சொல்லச் சேர்த்தது: கட்டு அவிழ்ந்ததும் எயினிக்கு முதலில் சோறு இடுக. எவரும் ஊட்ட வேண்டா. அவளே பிசைந்து உண்ணட்டும்.