எதிர்வீட்டுப் பூனையின் வால்

வெள்ளி இரவு, அம்மருட்

உலகத்தாருக்கு ஓர் அறிவிப்பு: எதிர்வீட்டு இங்கிரிட்டின் பூனை இரண்டு நாள் விருந்தினராக எங்கள் வீட்டில் எழுந்தருளியிருக்கிறது.

பூனை இருந்த கூடையை அவரிடமிருந்து வாங்கி வைத்தவள் தங்கை நிலா. நான் உள்ளே வந்த கையோடு அதைத் திறந்தேன். ஒரு மயிர்ப்பந்து முயல்போலத் துள்ளி வாசலுக்கு ஓடியது. பதறிப்போய்க் கதவை அடித்துச் சாத்தினேன்.

“ஐயோ அண்ணா, வாலை நசுக்கிப்போட்டாய்!”

பூனைக்கு வாலே இல்லை. கதவடியில் சாம்பல் நிற மயிர்த்துண்டு ஒன்று கிடந்தது. பூனையோ கத்தவில்லை, நாய்க்குட்டி மாதிரி என் காலடியில் வந்து உட்கார்ந்தது. அது இன்னும் பயமாக இருந்தது.

இங்கிரிட்டுக்குத் தொலைபேசியில் அழுதழுது சொன்னேன். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். இது கிம்ரிக் இனமாம். மான் தீவுப் பூனைகளின் சடைமயிர்ச் சொந்தமாம். பிறக்கும்போதே வால் இல்லையாம். “நிலாவுக்கு எல்லாம் சொன்னேனே!” என்றார்.

அப்போதுதான் விளங்கியது: கதவடியில் கிடந்தது நிலாவின் குளிர் ஜாக்கெட் தொப்பியின் மயிர்க்கரை.

“எனக்கு முதலே தெரியும். சும்மா நடிச்சனான்,” என்றேன். அம்மருட்டின் குறும்பு மன்னன் நானல்லவா?

“ஓம் ஓம், மூக்கைத் துடை. என்ர மயிர்க்கரை எங்கை? நாளைக்குத் தமிழ் வகுப்புக்குப் போட வேணும்.”

தெரியாது என்றுவிட்டேன். எப்படிச் சொல்வது? மிருக வைத்தியர் தைத்துவிடுவார் என்று நம்பி, இங்கிரிட்டை அழைக்க முன்பே அதைப் பையில் சுற்றி, அம்மாவின் உறைந்த தேங்காய்ப்பூவுக்குப் பக்கத்தில் ஐஸ்பெட்டியில் வைத்துவிட்டேன்.