செவ்விளநீர் மரத்துக்கு மேலே ஒரு கம்பி

1982 பெப்ரவரி 8, திங்கள்

பள்ளிக்கூடம் விட்டு வந்தால் வளவுக்குள் இரண்டு பேர் நாடா பிடித்து அளக்கிறார்கள். பின்வளவு றஸாக் வீட்டுக்கு மின்சாரமாம். கம்பி என் வளவுக்கு மேலால் போகுமாம். நடுவில் என் செவ்விளநீர் மரம் நிற்கிறது. என் கையால் நட்டது. எழுபத்தெட்டுச் சூறாவளியில் சாய்ந்தமருதுத் தென்னைகள் சரிந்து கிடக்க, இது நிமிர்ந்து நின்றது. றஸாக்கின் பல்புக்காக இதை வெட்டுவதா?

றஸாக் என் சகலன், என் மனைவி சபூறாவின் தங்கை ஹாஜறாவின் புருசன். மூன்று வருடமாகப் பேச்சில்லை. அவருடைய மருமகளின் கலியாணத்தில் பலர் சுற்றியிருந்து சாப்பிடும் சஹன் தட்டுகளில், முதல் சஹனில் என்னை இருத்தவில்லை. கடைசிச் சஹனில், நான் கணக்குப் படிப்பிக்கும் பொடியன்களோடு ஒரே தட்டில் கைபோட வைத்தார். சோறும் ஆறிப்போயிருந்தது.

சபூறாவிடம் மரத்தைப் பற்றிச் சொன்னேன். "ஓம்" என்றாள். அவ்வளவுதான்.

பெப்ரவரி 10

உதவி அரசாங்க அதிபருக்கு மனு எழுதினேன். நாலு பக்கம். எனது காணி, எனது மரம், எனது ஆட்சேபம். 'எனது' பதினேழு இடத்தில் வருகிறது. நல்ல மனு.

பெப்ரவரி 12, வெள்ளி

ஜும்ஆவில் றஸாக் என் பக்கத்தில் வந்து நின்றார். தோள் முட்டியது. தொழுகையில் தோள் முட்டத்தான் வேண்டும். அதைப் பேச்சுவார்த்தையாக எடுக்க முடியாது.

பெப்ரவரி 20

பாண்டிருப்பு சட்டத்தரணி புண்ணியமூர்த்தியிடம் மனுவின் பிரதியைக் காட்டினேன். மெச்சினார். காணி உறுதிப் பத்திரத்தையும் ஒருக்காப் பார்க்கலாமா என்றார். காணிக்காரனே முன்னால் இருக்கும்போது உறுதி எதற்கு என்றேன். சிரித்தார். ஏன் சிரித்தார்?

மார்ச் 3

நாளை விசாரணை. சபூறா சேர்ட்டை அயன் பண்ணித் தந்தாள். போகத்தான் வேணுமா என்று கேட்டாள். போகாமல்?

மார்ச் 4

யா அல்லாஹ்.

உதவி அரசாங்க அதிபர் கந்தோரில் உறுதி கேட்டார்கள். தகரப் பெட்டியிலிருந்து எடுத்துப் போனதைப் பிரிக்காமலே மேசையில் வைத்தேன். அதிகாரி சத்தமாக வாசித்தார். காணிக்குச் சொந்தக்காரி: கச்சிமுகம்மது மகள் சபூறா.

எனக்குத் தெரியாதா? தெரியும். மாமனார் வளவை இரண்டாகப் பிரித்து இரண்டு மகள்மாருக்கும் சீதனமாக எழுதினார். நான் உடுத்த உடுப்போடு மாப்பிள்ளையாக வந்து ஏறினேன். ஆனால் இருபத்தாறு வருடமாக வேலி கட்டுகிறவனுக்கு அதெல்லாம் ஞாபகத்திலா இருக்கும்?

அதிகாரி குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "வெக்கப்படாதீங்க ஸேர். நானும் பொண்டாட்டிட ஊட்டிலதான் இரிக்கன்."

பிறகு ஒரு கடதாசியைக் காட்டினார். கம்பி போகச் சம்மதம் என்று காணிக்காரியின் ஒப்பம். ஜனவரி பத்தொன்பதாம் திகதி! விசாரணைக்கு வந்திருந்த றஸாக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்து, ஏன் எனக்குச் சொல்லவில்லை என்று சத்தம் போட்டேன். சபூறா அரிசி புடைப்பதை நிறுத்தவில்லை.

"மரத்துல கை வெச்சாக் கம்பி இல்ல எண்டு எழுதி வாங்கித்தான் ஒப்பம் வெச்சன். தூணை வடக்கால தள்ளிப் போடுவாங்க."

நாலு பக்கத்தில் நான் கேட்காததை அவள் ஒரே வரியில் வாங்கியிருக்கிறாள். அப்படியானால் என்னை ஏன் மனு எழுத விட்டாய் என்றேன்.

"எழுதக்குள்ள உங்கட முகம் நல்லா இரிந்திச்சு."

மார்ச் 5

எழுத ஒன்றுமில்லை.

மார்ச் 27

றஸாக் வீட்டில் லைட் எரிகிறது. மஃரிப் தொழுகைக்குப் பிறகு அவரே வந்து சாப்பாட்டுக்குக் கூப்பிட்டார். போகக்கூடாது என்றுதான் நினைத்தேன். சஹனை வைத்ததும் அண்ணன் முறை சொல்லி "காக்கா முதல்ல இரிங்க" என்றார். சோறு சூடாக இருந்தது. வெளிச்சத்தில் பார்த்தால் அவருக்கும் தலை நரைத்துவிட்டது.

ஏப்ரல் 19

எங்கள் வீட்டுக்கும் மின்சாரம் கேட்டு விண்ணப்பம் எழுதினேன். விண்ணப்பதாரர் என்ற இடத்தில் சபூறா என்று எழுதப் போனேன். தடுத்தாள்.

"உங்கட பேரப் போடுங்க. இந்த வளவுல உங்கட பேரிலயும் ஒண்டு இரிக்கட்டும்."

காணிக்காரியின் சம்மதக் கடிதத்தையும் நானே எழுதினேன். அதை இரண்டு தரம் வாசித்தாள். பழக்கதோஷத்தில் வந்திருந்த 'எனது' ஒன்றை வெட்டச் சொல்லிவிட்டுத்தான் ஒப்பம் வைத்தாள்.

மே 14, வெள்ளி

காலையில் சுவரில் மின்சார மீற்றர் பூட்டினார்கள். அட்டையில் என் பெயர், பிழையில்லாமல். ஜும்ஆவுக்குப் போகும்போதும் பார்த்தேன், வரும்போதும் பார்த்தேன். சுற்றுகிறது.

எனது மீற்றர்.