மூன்றாம் கிடங்கின் பதினான்கு டிகிரி

1942 ஆகஸ்ட் 11

வெலிங்டனை விட்டு எட்டு நாள். கப்பலில் நாட்குறிப்பு எழுதக் கூடாது என்பது போர்க்கால உத்தரவு. எழுதாவிட்டால் வேறு யாரிடம் பேசுவது? பழைய காலுறைக்குள் ஒளித்து வைக்கிறேன்.

எங்கள் கப்பல் வேகமானதாம். அதனால் துணைக்குக் கப்பல்கள் கிடையாது, தனியாகவே ஓடுகிறோம். வெளியே ஒரு விளக்கு தெரியக் கூடாது, வானொலியில் ஒரு வார்த்தை பேசக் கூடாது. கிடங்குகள் முழுக்க லிவர்பூலுக்குப் போகும் உறைந்த ஆட்டிறைச்சி. எங்கள் தட்டில் விழுவதோ உப்பு மீன். "என்ன ஐஸ்காரா, எண்பதாயிரம் ஆட்டுக்குச் சொந்தக்காரன், மூஞ்சி ஏன் இப்படி இருக்கு?" என்று சமையற்காரன் கேட்டான். மீனைத் தின்றுவிட்டு வந்தேன்.

ஆகஸ்ட் 15

குளிர் இயந்திரங்களுக்கு இரண்டே பேர், நானும் பிம்ப்லெட்டும். ஆறு மணி நேரம் நான், ஆறு மணி நேரம் அவன். ஒரே அறைதான். ஆனால் நான் படுக்க வரும்போது அவன் பூட்ஸ் மாட்டிக்கொண்டிருப்பான். அவன் முகத்தைவிடக் கையெழுத்துதான் எனக்குப் பழக்கம்.

முறை முடியும்போது மேல்தளத்துக்குப் போய், ஒவ்வொரு கிடங்குக்குள்ளும் இறங்கும் குழாயில் கயிற்றில் தொங்கும் வெப்பமானியை மேலே இழுத்துப் பார்த்து, பதிவேட்டில் எழுத வேண்டும். ஃபாரன்ஹீட்டில் பதினான்கு டிகிரி இருக்க வேண்டும்; தண்ணீர் உறைவதே முப்பத்திரண்டில். இருபதைத் தாண்டவிட்டால் கறி கெட ஆரம்பித்துவிடும்.

எண்ணுக்குப் பக்கத்தில் 'குறிப்பு' என்று ஒரு கட்டம். பிம்ப்லெட் அதில் வேண்டாததை எல்லாம் எழுதுகிறான். இன்று: "கெட்டிலில் தேநீர் சூடாக இருக்கிறது." பதிவேடு என்ன தபால் அட்டையா? என்னைச் சீண்டுகிறான் போலிருக்கிறது. நான் பதில் எழுதுவதில்லை.

ஆகஸ்ட் 22

பனாமா தாண்டியாயிற்று. அவன் குறிப்பு: "உன் காலுறையை நீராவிக் குழாய்மேல் காயப் போட்டிருக்கிறேன்."

காலுறை! ஓடிப் போய்ப் பார்த்தேன். நல்லவேளை, அது வேறு காலுறை.

ஆகஸ்ட் 23

எண்களைப் பார்த்தேன், எழுதினேன், தூங்கினேன்; நாள் முழுக்க என்னிடம் பேச ஒரு ஆள் இல்லை.

ஆகஸ்ட் 29

நேற்றிலிருந்து புயல். நண்பகலில் என் முறை முடிந்தபோது மேல்தளத்தில் இடுப்பளவு தண்ணீர் புரண்டு ஓடியது. கதவைத் திறந்தேன், பார்த்தேன், மூடிவிட்டேன். போகவில்லை. காலை ஆறு மணிக்குப் பிம்ப்லெட் எழுதியிருந்த எண்களை அப்படியே என் வரிசையில் எழுதினேன். மூன்றாம் கிடங்கு, பதினான்கு. ஆறு மணி நேரத்தில் என்ன மாறிவிடப் போகிறது?

மாலையில் புயல் தணிந்ததும் அவன் போய்ப் பார்த்திருக்கிறான். மூன்றாம் கிடங்கு, பதினெட்டு.

ஆகஸ்ட் 30

தலைமைப் பொறியாளர் கார்பட் இருவரையும் கூப்பிட்டார். பதிவேட்டை விரலால் தட்டினார்.

"ஆறு மணி நேரத்துல நாலு டிகிரி தானா ஏறாதுய்யா. பிம்ப்லெட், எந்த வால்வைத் திருகித் தொலைச்சே?"

"எதையும் தொடல சார்."

"ரிம்மர், நீ நண்பகல்ல பார்த்தது பதினாலுதானா?"

"பதினாலுதான் சார்."

சொல்லிவிட்டேன். பிம்ப்லெட் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பழி அவன் தலையில். அவன் வால்வுகளைத்தான் இன்று முழுக்கச் சோதித்தார்கள். எல்லாம் சரியாக இருந்தன. இதற்குள் பத்தொன்பது. ஒரு ஊரே ரேஷனில் வாரம் முழுக்கக் காத்திருந்து வாங்கும் கறி. என் வேலை போய்விடும் என்று வாயை மூடிக்கொண்டு கிடக்கிறேன் — நானெல்லாம் ஒரு மனுஷனா?

ஆகஸ்ட் 31

தாங்க முடியவில்லை. காலையிலேயே கார்பட் அறைக்குப் போனேன். பிம்ப்லெட் அங்கே முன்னாலேயே நின்றுகொண்டிருந்தான். அவன் இருந்தால் இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன்.

"நான் மேல போகவே இல்ல சார். பிம்ப்லெட் எழுதினதைப் பார்த்து எழுதிட்டேன்."

பிம்ப்லெட் என்னையே பார்த்தான். "அட கடவுளே. நான் மட்டும் போனேனா? காலையில நான் எழுதினதும் நள்ளிரவுல நீ பார்த்து எழுதின எண்தான்டா. அதைச் சொல்லத்தான் இங்க வந்தேன்."

கார்பட் கணக்குப் போட்டார். நள்ளிரவிலிருந்து மாலை ஆறு வரை, நாலு டிகிரி ஏறப் பதினெட்டு மணி நேரம். இவ்வளவு மெதுவாக ஏறினால் வால்வு இல்லை, உள்ளே எங்கேயோ குழாய் ஒழுகுகிறது. "ரெண்டு பேரும் உள்ள போங்க. ஓட்டையைக் கண்டுபிடிக்காம வெளிய வராதீங்க."

நாலரை மணி நேரம். ஒரே கயிற்றில் இடுப்பைக் கட்டிக்கொண்டு, துணி சுற்றிய ஆடுகளை ஒவ்வொன்றாக நகர்த்தி வழி செய்தோம். கல் மாதிரி கனம். பின்சுவரில் ஒரு குழாய் இணைப்பிலிருந்து, கிடங்கைக் குளிர்விக்க ஓடும் உப்புநீர் வழிந்துகொண்டிருந்தது. பிம்ப்லெட் கையுறையைக் கழற்றிவிட்டு இணைப்பை முறுக்கி இறுக்கினான். விரல் நுனிகள் வெள்ளையாகிவிட்டன. நான் அவற்றை என் அக்குளில் வைத்து அழுத்திக்கொண்டேன்.

"பதிவேட்டுல ஏன் அதையெல்லாம் எழுதுறே?" என்று கேட்டேன்.

"இந்தக் கப்பலுக்கு வந்து ஆறு மாசம். ஒருத்தன்கிட்டயும் பேச வாய்க்கல. அதுல எழுதினா நீ படிச்சுத்தானே ஆகணும்?"

நான் மூக்கைத் துடைத்துக்கொண்டேன். குளிர்தான் என்று அவனிடம் சொன்னேன்.

செப்டம்பர் 2

பதினாறு. இறங்குகிறது. முறை மாறும்போது அவன் கால் மணி நேரம் தூங்காமல் உட்கார்ந்திருக்கிறான். நான் கால் மணி நேரம் முன்னதாக எழுந்துவிடுகிறேன். எவ்வளவு பேசுகிறான் இந்த ஆள்!

செப்டம்பர் 5, லிவர்பூல்

கறி தப்பியது. கசிவுக்குப் பக்கத்தில் உப்புநீர் பட்டதை மட்டும் கழித்தார்கள்.

பொய்க் கணக்குக்குப் பொறுப்பாக அறிக்கையில் ஒரு பெயராவது இருக்க வேண்டும் என்று கார்பட் சொன்னாராம். பிம்ப்லெட் தன் பெயரைக் கொடுத்திருக்கிறான். முதல் பொய் தன்னுடையதுதான் என்றானாம். வேறொரு கப்பலுக்கு மாற்றிவிட்டார்கள். அவன் பையைத் தூக்கிக்கொண்டு இறங்கியபோது எனக்கு ஓய்வு முறை. தூங்கிக்கொண்டிருந்தேன். ஏன்டா என்னை எழுப்பல?

பதிவேட்டில் இருந்தது: "கெட்டில் காலி. இனிமேல் நீயே போட்டுக்கொள்."

1943 ஜனவரி 24

மறுபடியும் கடல். பிம்ப்லெட்டின் கப்பல் கரை சேர வேண்டிய நாள் தாண்டி மூன்று வாரம் என்று வெலிங்டன் துறைமுகத்தில் சொன்னார்கள். ஒரு தகவலும் இல்லையாம்.

அவன் இடத்துக்கு ஹெஸ்கத் என்று ஒருவன் வந்திருக்கிறான். எண்களைத் தவிர எதுவும் எழுதமாட்டான்.

இன்று கடல் மோசம். இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு மேல்தளத்துக்குப் போனேன். மூன்றாம் கிடங்கு, பதினான்கு. கண்ணால் பார்த்து எழுதினேன். பிறகு குறிப்புக் கட்டத்தில்: "கெட்டிலில் தேநீர் சூடாக இருக்கிறது."

ஹெஸ்கத் படித்தான். பதில் எழுதவில்லை. நானும் அப்படித்தான் இருந்தேன்.